கிட்னி வருத்தக்காரருக்கு நோவு மருந்து இல்லையா?

கல்முனையிலிருந்து அக்கரைப்பற்றுக்குப் போகும் பிரதான வீதியில் சாய்ந்தமருது, காரைதீவு, நிந்தவூர், ஒலுவில் தாண்டினால் பாலமுனை. கிழக்கே கடல், மேற்கே வயல். வலை இழுத்த தோளும் வரம்பு கட்டிய நாரியும் நோகாத ஆள் இந்தக் கரையில் அபூர்வம். பார்மசி வாசலில் கொஞ்ச நேரம் நின்றால் காதில் விழுவதும் அதுதான்: “நாரி நோவுக்கு ரெண்டு குளிசை தாங்க.” கேட்டவருக்குச் சீனி வருத்தம் இருக்கிறதா, பிரஷர் இருக்கிறதா, சிறுநீரகத்தின் நிலையைக் காட்டும் கிரியட்டினினைக் கடைசியாக எப்போது பார்த்தார் என்ற விசாரணை பெரும்பாலும் நடப்பதில்லை. டைக்ளோபெனக்கோ இபுபுரோபனோ கைக்கு வந்துவிடும்.

அதே வீதியில் இன்னொரு வீட்டுக்குள், கிளினிக் கொப்பியில் சிறுநீரகச் செயலிழப்பு என்று எழுதப்பட்ட ஒருவர், கால் இரண்டும் எரிந்து இரவு முழுக்கப் புரண்டுகொண்டிருப்பார். “கிட்னிக்காரர் நோவுக் குளிசை போடப்படாது” என்று சொல்லி அனுப்பியிருப்பார்கள். அந்த எச்சரிக்கை தேவையானதுதான். ஆனால் போடப்படாது என்றவர்கள், அப்படியானால் எதைப் போடலாம் என்று சொல்லவில்லை. அவரும் கேட்கவில்லை. உம்மா முனகுவதைக் கேட்டுக்கொண்டு பிள்ளைகள் விடியும்வரை விழித்திருப்பார்கள்.

சிறுநீரகம் பழுதானவரின் நோவைப் பாதுகாப்பாகக் குறைக்க மருந்து உண்டு. அபினிலிருந்து எடுத்த மருந்துகளும், அபினைப் போல வேலை செய்யும்படி ஆய்வுகூடத்தில் உருவாக்கிய மருந்துகளும் அவற்றில் அடக்கம். எதை, எவ்வளவு, எத்தனை மணிக்கொரு தடவை என்ற மூன்று கேள்விகளுக்கும் ஆளுக்கு ஆள் பதில் மாறும். அந்தப் பதில்கள் மருத்துவ நூல்களில் பல வருடங்களாக இருக்கின்றன. பாலமுனை வீட்டுக் கட்டில்வரை அவை வந்து சேரவில்லை என்பதே என் ஆதங்கம்.

இலங்கையில் கிட்னி வருத்தம் என்றதும் எல்லோருக்கும் வடமத்திய மாகாணம்தான் நினைவுக்கு வரும். 1990களில் மதவாச்சி, பதவிய பக்கத்து நெல் விவசாயிகளிடையே தென்பட்ட, காரணம் பிடிபடாத நாட்பட்ட சிறுநீரக நோய் அது. நமது அம்பாறை மாவட்டத்திலும் தெஹியத்தகண்டிய அந்த நோயின் எல்லைக்குள் வருகிறது. அந்த நோய்க்கு ஆய்வாளர்கள் வந்தார்கள், ஜனாதிபதி செயலணி வந்தது, 2021இல் பொலன்னறுவையில் சீன உதவியோடு பெரிய சிறுநீரக வைத்தியசாலையும் வந்தது. கரையோரத்துக் கதை வேறு. இங்கே காரணம் தேடி அலையத் தேவையில்லை. சீனி வருத்தமும் பிரஷரும் வீட்டுக்கு வீடு இருக்கின்றன. 2008இல் வெளியான நாடளாவிய ஆய்வு, 20 வயதுக்கு மேற்பட்டோரில் 10.3 சதவீதத்தினருக்கு நீரிழிவு என்றது. பத்து வருடம் கழித்து, 2018-2019இல் எடுத்த தேசிய ஆய்வில் அது வயதுவந்தோரில் ஐந்தில் ஒருவருக்கும் மேல் என்று ஏறிவிட்டது. நீண்டகாலச் சீனி வருத்தம் சிறுநீரகத்தை அரிக்கும்போதே கால் நரம்புகளையும் அரிக்கிறது. கிட்னிக்கும் நோவுக்கும் ஒரே வேர்.

சிறுநீரக நோய் நோகாது என்ற எண்ணம் வைத்தியர்களிடையேகூட நெடுநாள் இருந்தது. கனடாவின் அல்பேர்ட்டா பல்கலைக்கழக மருத்துவர் சாரா டேவிசன், டயலிசிஸ் செய்துவந்தவர்களிடம் நேரில் கேட்டுப் பார்த்தார். பாதிப் பேர் தங்களுக்கு நோவு இருப்பதாகச் சொன்னார்கள். 2003இல் அந்த ஆய்வு வெளியானது. கல்சியம், பொஸ்பரஸ் சமநிலை குலைந்து எலும்பு நோகும். யூரிக் அமிலம் சேர்ந்து மூட்டு வீங்கும். டயலிசிஸ் நடுவில் கெண்டைக்கால் பிடித்து இழுக்கும். சீனி வருத்தக்காரருக்குப் பாதம் நெருப்பில் வைத்ததுபோல எரியும். இவற்றோடு, கிட்னிக்குச் சம்பந்தமே இல்லாத முதுமையின் நாரி நோவும் முழங்கால் நோவும் சேர்ந்துகொள்ளும்.

டைக்ளோபெனக் போன்ற குளிசைகள் ஏன் ஆகாது? 1971இல் இங்கிலாந்தில் ஜோன் வேன் என்ற ஆய்வாளர், ஆஸ்பிரின் வகை மருந்துகள் உடலில் புரோஸ்டகிளாண்டின் உருவாவதைத் தடுக்கின்றன என்று கண்டுபிடித்தார். 1982இல் அவருக்கு நோபல் பரிசும் கிடைத்தது. நோவையும் வீக்கத்தையும் உண்டாக்குவதில் புரோஸ்டகிளாண்டினுக்குப் பங்குண்டு. அதே பொருள்தான் சிறுநீரகத்துக்குள் இரத்தம் நுழையும் நுண்குழாயை விரித்தும் வைத்திருக்கிறது. ஏற்கெனவே நலிந்த சிறுநீரகம் அந்த விரிவை நம்பியே ஓடுகிறது. குளிசை அதை மூடிவிடும். பிரஷருக்கு எனலாப்ரிலோ லொசார்ட்டானோ எடுத்து, கால் வீக்கத்துக்கு ஃபுருசமைட்டும் எடுக்கும் ஒருவர், சித்திரை வெயிலில் வயலில் வேர்த்து வடிந்துவிட்டு, மாலையில் இந்தக் குளிசையையும் போட்டால் சில நாட்களிலேயே கிரியட்டினின் எகிறக்கூடும். இது தெரியாமல் வருடக்கணக்கில் போட்டுப் போட்டே டயலிசிஸ் கதிரைக்கு வந்தவர்கள் இருக்கிறார்கள். பார்மசிக்காரர்கள் இந்த ஒரு கேள்வியையாவது கேட்டாக வேண்டும்: கிட்னி எப்படி?

முதல் படியில் பாதுகாப்பானது நாம் பனடோல் என்று அழைக்கும் பரசிட்டமோல்தான். பலர் அதை மதிப்பதேயில்லை, காய்ச்சலுக்குப் போடுவது என்று ஒதுக்குவார்கள். ஒழுங்காக நேரத்துக்கு எடுத்தால் அது நன்றாகவே வேலை செய்யும். சிறுநீரக நோயாளிக்கு ஒரு நாளைக்கு 3 கிராமுக்கு மேல் வேண்டாம் என்பது பொதுவான அறிவுரை. 500 மில்லிகிராம் குளிசை ஆறு. தண்ணீரில் போட்டுக் கரைத்துக் குடிக்கும் வகை வேண்டாம், ஒவ்வொன்றிலும் 400 மில்லிகிராம் அளவுக்குச் சோடியம் இருக்கும். நரம்பு எரிவுக்கு கபாபென்டின், பிரிகபலின் உண்டு. அவை சிறுநீர் வழியாகவே வெளியேறுவதால், மற்றவர்களுக்குக் கொடுக்கும் அளவில் சிறு பங்குதான் இவர்களுக்கு.

இவையெல்லாம் போதாத நோவுக்குத்தான் அபின் வகை மருந்துகள்.

தேங்கும் மருந்து

ஜெர்மனியின் செர்ட்யூர்னர் என்ற இளம் மருந்தாளர் 1800களின் தொடக்கத்தில் அபினிலிருந்து மோர்பினைப் பிரித்தெடுத்தார். இரு நூற்றாண்டு கழிந்தும் கடும் நோவுக்கு அதுவே முதல் மருந்து. மலிவு. வாயால் குடிக்கலாம். இலங்கை அரச வைத்தியசாலைகளில் புற்றுநோயாளிகளுக்குக் கொடுக்கப்படுவதும் இதுதான். சிறுநீரகம் சரியாக உள்ளவருக்கு, முறையாகக் கொடுத்தால், இதைவிட நம்பகமான துணை குறைவு.

சிக்கல் அதன் மிச்சத்தில் இருக்கிறது. ஈரல் மோர்பினை இரண்டு பொருட்களாக மாற்றுகிறது. மோர்பின்-6-குளுகுரொனைட் மோர்பினைப் போலவே நோவைக் குறைக்கும், உறக்கத்தைக் கொடுக்கும், மூச்சைத் தளர்த்தும். மோர்பின்-3-குளுகுரொனைட் நோவைக் குறைக்காது, நரம்பைக் கிளறிவிடும். இரண்டும் வெளியேற வேண்டிய வழி சிறுநீரகம். வீதியோரக் கான் அடைபட்டால் மாரி மழை வளவுக்குள் ஏறுவதுபோல, அவை இரத்தத்தில் ஏறிக்கொண்டே போகும். முதல் நாள் கொடுத்த அளவு சரியாகவே தோன்றும். மூன்றாம் நாள் அதே அளவுதான் ஆளை வீழ்த்தும்.

கொடெய்னும் உடலுக்குள் மோர்பினாகவே மாறுவதால் அதே ஆபத்து அதிலும் உண்டு. பெத்தடின் இன்னும் மோசம். அதன் மிச்சமான நோர்பெத்தடின் தேங்கினால் வலிப்பே வரும். சிறுநீரக நோயாளிக்கு அதைத் தொடவே கூடாது என்று நூல்கள் சொல்கின்றன. நம் நாட்டில் அதிகம் புழங்கும் ட்ரமடோலை முழுதாக ஒதுக்கத் தேவையில்லை. ஆனால் சிறுநீரகம் மிகவும் தளர்ந்தவர் ஒரு தடவைக்கும் அடுத்த தடவைக்கும் 12 மணி நேரம் விடவேண்டும், நாளொன்றுக்கு 200 மில்லிகிராமைத் தாண்டக்கூடாது, மெதுவாகக் கரையும் வகையை எடுக்கக்கூடாது. வலிப்பு வரலாறு உள்ளவருக்கு அதுவும் ஆகாது.

அடுத்தது, எல்லாவற்றையும்விட எனக்கு முக்கியமாகப் படுவது. மருந்து தேங்கியவரைக் கட்டிலில் பார்த்தால் எப்படி இருப்பார்? கூப்பிட்டால் கண் திறந்து உடனே மூடிக்கொள்வார். கை கால் திடீர் திடீரென வெட்டி இழுக்கும். சுவரில் ஆள் நிற்பதாகச் சொல்வார். மவுத்தான மூத்தம்மாவோடு பேசுவார். மூச்சு ஆறுதலாகி, நடுவில் கொஞ்சம் நின்று, மறுபடி வரும். நம் வீடுகளில் இந்தக் காட்சிக்கு ஒரு பெயர்தான் தெரியும்: சக்கராத், உயிர் பிரியும் வேளை. சொந்தக்காரருக்குத் தகவல் பறக்கும். யாசீன் ஓதத் தொடங்குவார்கள். சுவரில் ஆள் தெரிகிறது என்றதும் ஜின் கோளாறு என்று சிலர் ஓதிப் பார்க்க ஆள் அழைப்பார்கள். ஓதுவதில் ஒரு குறையும் இல்லை. ஆனால் அதோடு வைத்தியரையும் அழைத்திருந்தால், மருந்தை நிறுத்தியோ மாற்றியோ, தேவைப்பட்டால் அபின் வகை மருந்தை முறிக்கும் நலோக்சோன் ஊசியை மிகச் சிறு அளவில் கொடுத்தோ அவரை மீட்டிருக்கலாம். இது முடிவா, மருந்தின் மிகையா என்று பார்த்த மாத்திரத்தில் குடும்பத்தால் பிரித்துச் சொல்ல முடியாது. சிறுநீரகக் கழிவு தலைக்கேறினாலும் இதே குறிகள் வரும். அதனால்தான் அபின் வகை மருந்து எடுக்கும் கிட்னி வருத்தக்காரர் புதிதாக உறங்கி வழிந்தாலோ, வெட்டி இழுத்தாலோ, பிதற்றினாலோ, அடுத்த வேளை மருந்தைக் கொடுக்காமல் உடனே வைத்தியசாலைக்குக் கொண்டுபோக வேண்டும் என்பதை வீட்டில் எல்லோரும் தெரிந்து வைத்திருக்க வேண்டும். கிளினிக்கில் இதை வாயால் சொல்லி அனுப்புவதற்கு இரண்டு நிமிடம் போதும்.

தேங்காத மருந்து

இப்போது நல்ல செய்தி. 1960ஐ ஒட்டிப் பெல்ஜியத்தில் போல் ஜான்சன் உருவாக்கிய ஃபென்டனில், ஈரலில் உடைந்து பெரும்பாலும் வேலையற்ற பொருளாகிவிடும். சிறுநீரகத்தை அது பெரிதாகச் சார்ந்திருப்பதில்லை. டயலிசிஸ் இயந்திரமும் அதை வெளியே இழுக்காது. புப்ரெனோர்பினும் அப்படித்தான். அதில் ஒரு வாரத்துக்கு ஒன்று என ஒட்டும் பட்டிகள் உண்டு. மெத்தடோன் சிறுநீரகம் கைவிட்டாலும் மலத்தின் வழியே வெளியேறிக்கொள்ளும். நோவுக்கான புதிய வழிகாட்டல்கள் கடைசி நிலைச் சிறுநீரக நோயில் இந்த மூன்றையும்தான் முன்னால் வைக்கின்றன. ஃபென்டனில் பட்டியையும் மெத்தடோனையும் உலக சுகாதார நிறுவனம் 2017இல் புற்றுநோய் நோவுக்காகத் தன் அத்தியாவசிய மருந்துகளின் பட்டியலில் சேர்த்தது.

நல்ல செய்திக்கும் பத்தியம் உண்டு. ஃபென்டனிலில் மிகச் சிறிய பட்டி மணிக்கு 12 மைக்ரோகிராம் விடும். கேட்கச் சிறிதாகத்தான் இருக்கும். வாயால் எடுக்கும் மோர்பினில் அது நாளொன்றுக்கு 30 முதல் 45 மில்லிகிராமுக்குச் சமம். இதுவரை அபின் வகை எதுவும் எடுக்காத ஒருவருக்கு முதல் நாளே அதை ஒட்டினால் மூச்சு நின்றுபோகலாம். ஒட்டியதும் நோவு குறையாது, அரை நாளிலிருந்து ஒரு நாள் செல்லும். அதற்குள் “வேலை செய்யுதில்ல” என்று இன்னொன்றை ஒட்டுபவர்கள் உண்டு. பட்டி 72 மணி நேரத்துக்கு ஒருமுறை மாற்றப்படுவது. காய்ச்சலோ சுடுதண்ணீர் ஒத்தடமோ அதிலிருந்து மருந்தைச் சட்டென்று இழுத்துவிடும். கழற்றிய பட்டிக்குள்ளும் ஒரு குழந்தையைக் கொல்லுமளவு மருந்து மிஞ்சியிருக்கும். ஒட்டும் பக்கத்தை உள்ளே மடித்து, சின்னப் பிள்ளைகளின் கைக்கெட்டாமல் அகற்ற வேண்டும். மெத்தடோனோ உடலில் தங்கும் நேரம் ஆளுக்கு ஆள் எட்டு மணி முதல் இரண்டு நாளுக்கு மேல்வரை மாறும், இதயத் துடிப்பையும் குழப்பும். பழக்கப்பட்ட வைத்தியர் இல்லாமல் அதைத் தொடங்கக்கூடாது.

பட்டியலில் இருக்கும் மருந்து பார்மசி அலுமாரியிலும் இருக்கும் என்று எண்ணிவிட வேண்டாம். 2022 பொருளாதார நெருக்கடியில் சாதாரண மருந்துக்கே அலைந்த நாடு இது. கையில் மோர்பின் மட்டும்தான் இருக்கிறது என்றால் நோயாளியைத் துடிக்க விட்டுவிடுவதா? இல்லை. வழக்கமான அளவில் கால்பங்கு அல்லது பாதி, நாலு மணிக்குப் பதில் ஆறு, எட்டு மணிக்கொரு தடவை, உடனே கரையும் வகை மட்டும், தினமும் ஒருவர் பார்த்துக் குறித்துக்கொள்வது. இப்படித்தான் வசதி குறைந்த இடங்களில் அனுபவமுள்ள வைத்தியர்கள் சமாளிக்கிறார்கள். சிறந்த வழி இதுவல்ல என்பது அவர்களுக்கும் தெரியும். கைவிடுவதைவிட மேலான வழி.

இன்னொன்று, யாரும் பேச விரும்பாதது. இந்த மருந்துகள் எல்லாமே மலச்சிக்கல் உண்டாக்கும். கிட்னி வருத்தக்காரருக்கு மலம் கட்டினால் பொட்டாசியமும் கூடவே ஏறும். லக்டுலோஸ், சென்னா போன்றவற்றை முதல் நாளிலிருந்தே சேர்த்துக் கொடுக்க வேண்டும். மக்னீசியம் கலந்த பேதி மருந்தும் பொஸ்பேட் எனிமாவும் இவர்களுக்கு ஆகாது.

பயம் எங்கிருந்து வருகிறது

மோர்பின் என்றால் வீட்டார் பயப்படுவது இரண்டுக்கு. ஒன்று, மவுத்துக்குத்தான் கொடுக்கிறார்கள் என்று. மற்றது, போதை. இரண்டாவது பயத்தை நான் லேசாக எடுக்கமாட்டேன். கிழக்குக் கரையில் ட்ரமடோலையும் பிரிகபலினையும் போதைக்காக விழுங்கும் இளைஞர்களைப் பற்றிய செய்தி வராத மாதம் இல்லை. கட்டிலில் கிடக்கும் வாப்பாவின் குளிசை மகனின் கூட்டாளி கைக்குப் போகலாம். அதனால் மருந்தைப் பூட்டி, எண்ணி, ஒருவர் பொறுப்பில் வைக்க வேண்டும். நோவுக்காக வைத்தியர் அளந்து கொடுத்ததை எடுப்பவரின் நிலை வேறு. அவர் உடல் அந்த மருந்துக்குப் பழகும், திடீரென நிறுத்தினால் வேர்க்கும், நடுங்கும். படிப்படியாகக் குறைத்தால் அது வராது. முன்பு போதைப் பழக்கம் இருந்தவரா, வீட்டில் யாருக்காவது இருக்கிறதா என்பதை வைத்தியர் முன்கூட்டியே கேட்டறிவதும் அவசியம்.

சட்டமும் பயத்தை வளர்த்திருக்கிறது. 1929ஆம் ஆண்டின் நஞ்சுகள், அபின், அபாயகர ஔடதங்கள் கட்டளைச் சட்டத்தின் 1984ஆம் ஆண்டுத் திருத்தம், ஹெரோயினுக்கு 2 கிராம், மோர்பினுக்கு 3 கிராம் என வரம்பு வைத்து, சட்டவிரோதக் கடத்தலுக்கு மரண தண்டனை அல்லது ஆயுள் தண்டனை என்றது. 3 கிராம் என்பது 10 மில்லிகிராம் குளிசை முந்நூறு. சட்டம் குறிவைப்பது கடத்தல்காரனை. வைத்தியரின் துண்டுக்கு அதில் வழி உண்டு. ஆனாலும் அந்த வரியை வாசித்த ஒரு சின்ன வைத்தியசாலை, மோர்பினை வாங்கி வைக்காமலிருப்பதே மேல் என்று எண்ணினால் வியப்பில்லை. இந்தியா இதைப் பட்டு அறிந்தது. 1985இல் அங்கே கடுமையான போதைப்பொருள் சட்டம் வந்தபின் மருத்துவ மோர்பின் பாவனை வீழ்ந்து, 1997இல் அந்தப் பெரிய நாடு முழுவதற்கும் 18 கிலோ என்றானது. கேரளத்தின் மருத்துவர் எம்.ஆர்.ராஜகோபாலும் தோழர்களும் நெடுங்காலம் போராடி 2014இல் சட்டத்தைத் திருத்த வைத்தார்கள். உலகத்தில் ஒரு வருடத்துக்கு விநியோகமாகும் 298.5 தொன் மோர்பின் அளவு மருந்தில் ஏழை நாடுகளுக்குப் போவது 0.1 தொன் என்று 2017இல் லான்செட் மருத்துவ இதழின் ஆணைக்குழு கணக்கிட்டது. அமெரிக்காவில் அளவுக்கு மிஞ்சிக் கொடுத்து ஆட்கள் இறந்தார்கள் என்ற செய்தியை நாம் எல்லோரும் வாசித்திருக்கிறோம். கொடுக்காமல் துடித்தவர்களின் செய்தி பத்திரிகைக்கு வருவதில்லை.

பொறுத்துக்கொண்டால் பாவம் கழியும் என்று நோவைத் தாங்குபவர்களும் நம்மிடையே உண்டு. அந்தப் பொறுமையை மதிக்கிறேன். மருந்து தேடச் சொன்னதும் அதே மார்க்கம்தான். நோன்பு காலத்தில் கேள்வி இன்னும் கூர்மையாகும். தோலில் ஒட்டும் மருந்துப் பட்டி நோன்பை முறிக்காது என்று 1997இல் ஜித்தாவில் கூடிய சர்வதேச இஸ்லாமிய பிக்ஹு அகடமி தீர்மானித்தது. 12 மணிக்கொரு தடவைக் குளிசையை சஹருக்கும் இப்தாருக்கும் ஒதுக்கலாமா, தண்ணீரில்லாமல் பகலைக் கழிக்கும் நிலையில் இந்தச் சிறுநீரகம் இருக்கிறதா என்பதை நோன்புக்கு முன்பே வைத்தியரிடமும் ஆலிமிடமும் கேட்டு முடிவெடுப்பது நல்லது. நோயாளிக்கு மார்க்கம் கொடுத்த சலுகையை ஏற்பதில் வெட்கப்பட ஒன்றுமில்லை.

இனி, நாம் யாரைப் பார்த்துப் படிக்கலாம்? கடலுக்கு அப்பால், நம்மைப் போலவே பள்ளிவாசலும் தென்னையும் மீனுமாக வாழும் மலபார் கரையை. 1993இல் கோழிக்கோட்டில் நோவு தணிப்புச் சங்கம் தொடங்கியது. 2001இலிருந்து மலப்புறம் உட்பட வட கேரளத்தில் அயலவர் வலைப்பின்னல் என்று அது விரிந்தது. ஊரவர்கள் சிறு தொகை போட்டார்கள். தொண்டர்கள் பயிற்சி எடுத்து வீடு வீடாகப் போனார்கள். தாதி வாரம் ஒருமுறை கட்டிலருகே உட்கார்ந்து நோவைக் கேட்டு எழுதினார். வைத்தியர் மருந்தைத் திருத்தினார். புற்றுநோயோடு நிற்காமல் கிட்னி வருத்தக்காரரையும் வாதத்தில் விழுந்தவரையும் சேர்த்துக்கொண்டார்கள். 2008இல் கேரள அரசு அதைக் கொள்கையாகவே ஆக்கியது. இலங்கையிலும் 2019-2023க்கான தேசிய நோய்த்தணிப்புப் பராமரிப்புச் சட்டகம் வீடுவரை சேவை போகவேண்டும் என்றே சொன்னது.

நம் ஊர்களில் ஜனாஸா நலன்புரிச் சங்கம் இல்லாத இடம் குறைவு. ஒருவர் மவுத்தானால் சில மணி நேரத்துக்குள் கபன் துணி, சந்தூக்கு, குழி எல்லாம் தயாராகிவிடும். ஜும்ஆ முடிந்து ஒருவரின் கிட்னி மாற்றத்துக்குப் பணம் கேட்டால் சட்டைப் பைகள் திறக்கும். இந்த ஒழுங்கையும் இரக்கத்தையும், அந்த மனிதர் கண்ணைத் திறந்திருக்கும் மாதங்களுக்குக் கொஞ்சம் முன்னே நகர்த்தலாமே என்று கேட்கிறேன். கல்முனைப் பிராந்திய சுகாதார சேவைகள் பணிமனையின் கீழ் பயிற்சி பெற்ற ஒரு தாதி, இரட்டைப் பூட்டுப் போட்ட ஓர் அலுமாரி, அழைத்தால் எடுக்கும் ஒரு விசேட வைத்தியரின் தொலைபேசி. தொடங்குவதற்கு இவ்வளவும் வேண்டும். அதுவரை, டயலிசிஸுக்கு வந்துபோகும் ஒவ்வொருவரிடமும் எங்கே நோகுது, எவ்வளவு நோகுது என்று கேட்டு, 0 முதல் 10 வரை ஓர் எண்ணைக் கிளினிக் கொப்பியில் எழுத ஆரம்பிக்கலாம். அதற்குச் சட்டத் திருத்தமும் வேண்டாம், இறக்குமதி அனுமதியும் வேண்டாம்.